அறுபதாம் கல்யாணத்துப் புத்தகம்

காலை ஆறு இருபதுக்கு அச்சகத்து வண்டி துடியலூர் மண்டபத்துக்கு வந்தது. அறுநூறு புத்தகங்கள். அப்பா வரதராஜுலுவின் அறுபதாம் கல்யாணத்துக்கு வருகிறவர்களுக்குத் தாம்பூலப் பையில் போட்டுக் கொடுக்க.

மொழிபெயர்ப்பு இளைய மகள் ஷ்ரவ்யாவுடையது. பனியன் கம்பெனி வேலையாகக் கொழும்பில் ஐந்து வருடம் இருந்தபோது சிங்களம் படித்தாள். அப்பன்களைப் பற்றிய சிங்களக் கதைகளாகத் தேர்ந்தெடுத்திருந்தாள், பழையதும் புதியதும். அச்சுச் செலவு அப்பாவுடையது. அவள் கேட்டது ஒன்றுதான்: அக்கா பிரத்யுஷாவை விழாவுக்கு அழைக்க வேண்டும். வேறு சாதியில் கட்டிக்கொண்டு பல்லடம் போன அக்கா பதினோரு வருடமாக வீட்டுப் படியேறவில்லை. அப்பா சரி என்றிருந்தார்.

கட்டைப் பிரித்து ஒரு புத்தகத்தை எடுத்தாள்.

முதல் கதை பழையது. ஏரிக்கரை உடைந்துகொண்டே இருக்கிறது. ஊர்த்தலைவன் தன் மகளை உடைப்பில் நிறுத்தி மண்ணைப் போட்டு மூடுகிறான். கரை நிற்கிறது. ஊர் அவனுக்கு விளக்கேற்றுகிறது. மகளுக்குக் கதையில் பெயர் இல்லை. அவள் எழுதிக்கொடுத்ததில் ஒரு சொல்லும் மாறவில்லை.

கடைசிக் கதை இந்தக் காலத்தது. துரத்திவிடப்பட்ட மகள் பல வருடம் கழித்துப் பஸ்ஸில் வருகிறாள். படுத்த படுக்கையாகக் கிடக்கும் அப்பன் தண்ணீர் கேட்கிறான். அவள் டம்ளரை நிரப்பி, அவன் கைக்கு எட்டாத இடத்தில் வைத்துவிட்டுப் போகிறாள்.

அச்சிலோ அந்த மகள் தண்ணீரைப் புகட்டினாள். அவன் காலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு அழுதாள். அழுகை மட்டும் ஒரு பக்கம்.

மணமகன் அறையில் அப்பாவின் அங்கவஸ்திரத்தை மடித்துக்கொண்டிருந்தார்கள். கதை முடிவை யார் மாற்றியது என்று கேட்டாள். தான்தான் என்றார். அச்சகத்துக்கு ஃபோன் போட்டுச் சொன்னாராம். ஒளிக்கவில்லை.

“பெத்தவனுக்குத் தண்ணி குடுக்காத கதைய வெத்தலை பாக்கோட குடுக்க முடியுமா அம்மணி?”

“மகளைப் பொதைச்ச கதைய மட்டும் அப்படியே உட்டுட்டீங்களே நைனா?”

“அது ஊருக்காகச் செஞ்சது. நல்ல கதை.”

சந்தனம் வியர்வையில் கரைந்து அவர் கழுத்தில் இறங்கியது. அக்கா வந்தாளா என்று கேட்டாள்.

வந்துவிட்டாள் என்றார். பாத பூஜைக்கு இரண்டு பெண்களும் நின்றால்தான் வீடியோவில் எடுப்பாயிருக்கும்.

“அவ மட்டும் வந்து காலைக் கழுவிப்போட்டுப் போகட்டும். அந்தப் பையனும் கொளந்தையும் கார்லயே இருக்கட்டும். சொல்லியாச்சு.”

மண்டபத்தின் பின்னால், குப்பைத்தொட்டிக்குப் பக்கத்தில் அக்காவின் கார் நின்றது. கண்ணாடிக்குள் அக்காவின் கணவன், பின் சீட்டில் ஒரு சிறுமி, புதுப் பட்டுப்பாவாடையில். மடியில் தாம்பூலப் பை. அதை மட்டும் மறக்காமல் கொடுத்திருந்தார்கள்.

ஒன்பது மணிக்குத் தாம்பாளத்தில் அப்பாவின் பாதங்கள் இருந்தன. பெருவிரல் நகம் தடித்து மஞ்சளாக இருந்தது. அம்மா வெங்கடம்மாள் பக்கத்தில் உட்கார்ந்து தன் வளையலையே பார்த்துக்கொண்டிருந்தாள். புரோகிதர் தண்ணீர்ச் செம்பைப் பிரத்யுஷாவிடம் கொடுத்தார். அவள் மண்டியிட்டாள். கூட்டம் ஃபோன்களை உயர்த்தியது.

ஷ்ரவ்யா அக்காவின் கையிலிருந்து செம்பை வாங்கினாள். மேடையின் ஓரம்வரை நடந்து அங்கே வைத்தாள். திரும்பி வந்து அக்காவைக் கைபிடித்து எழுப்பினாள்.

அப்பா கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே இருந்தார். உதடு அதிகம் அசையவில்லை.

“தண்ணிய ஊத்து கண்ணு. எல்லாரும் பாக்கறாங்கல்ல?”