தொடாத பந்து

அந்தப் பெண்கள் கல்லூரிக் கால்பந்து அணியின் கோல்கீப்பருக்குத் தாழ்ப்பாள் என்று பேர் வைத்ததே அவள் தோழிகள்தான். அவளைத் தாண்டி ஒரு ஈகூடப் போகாது என்று அவ்வளவு நம்பிக்கை. சீசனின் முதல் ஆட்டத்திலேயே அந்த நம்பிக்கையில் மண் விழுந்தது.

எதிரணிக்கு ஒரு ஃப்ரீ கிக். நடுவர் ஒரு கையை நேராக மேலே தூக்கிக்கொண்டு நின்றார். அப்படிக் கை மேலே இருந்தால், அடித்த பந்து நேரே வலைக்குள் போனாலும் கோல் கிடையாது. நடுவில் யாராவது தொட்டால்தான் கோல். இது அவளுக்குத் தெரியாதா என்ன? அவள் கைகளுக்குத்தான் தெரியவில்லை. பந்து வந்தது, பாய்ந்தாள், விரல் நுனியில் பட்டு உள்ளே போயிற்று. சும்மா நின்றிருந்தால் தப்பித்திருக்கக்கூடிய ஆட்டத்தை உயிரைக் கொடுத்துத் தோற்றாள்.

அதன்பிறகு அணி தலைதூக்கவே இல்லை. ஆறு ஆட்டத்தில் ஒரே ஒரு வெற்றி. கடைசி ஆட்டத்தை டிராவாவது செய்யாவிட்டால் லீக்கை விட்டு வெளியே. வெளியே போனால் அணியையே கலைத்துவிடலாம் என்று கல்லூரி முதல்வர் ரொம்பப் பக்குவமாகச் சொல்லிவிட்டார். கடைசி ஆட்டமும் அதே எதிரணியோடுதான். எல்லாம் தன்னால் வந்தது என்று அவளுக்கு மனம் அறுத்துக்கொண்டே இருந்தது. அழுது தீர்த்தபின், தன் கையை அடக்கப் பழக ஆரம்பித்தாள்.

துணைக்கு அம்மா. ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் நாளெல்லாம் போர்வை மடித்துவிட்டு வந்து, வீட்டுக் கூடத்தில் நின்று துண்டைப் பந்தாகச் சுருட்டி வீசுவாள். அம்மாவின் இன்னொரு கை மேலே இருந்தால் விட்டுவிட வேண்டும். கீழே இருந்தால் பிடிக்க வேண்டும்.

"ஏண்டி, எல்லாரும் பந்தப் பிடிக்கத்தான் பழகுவாங்க. நீ என்னடான்னா விடுறதுக்குப் பழகுற!"

"நீ வீசும்மா."

"மூஞ்சிக்கு நேரா வந்தா?"

"குனிஞ்சுக்கறேன். தொட மாட்டேன்."

சுவர்க் கடிகாரம் விழுந்து உடைந்தது. அம்மா வாய் ஓயாமல் திட்டினாள், ஆனால் ஒரு நாளும் வீசாமல் இருக்கவில்லை.

கடைசி ஆட்டம். எண்பத்தெட்டு நிமிடம் ஓடியும் இரண்டு பக்கமும் கோல் இல்லை. அப்போது பார்த்து, இவர்கள் அணியின் நெட்டச்சி பந்தை உதைக்கிறேன் என்று எதிராளியின் முகத்துக்கு நேரே காலைத் தூக்கித் தொலைத்தாள். விசில். நடுவரின் கை நேராக மேலே போயிற்று.

எதிரணித் தலைவி பந்தை வைத்துவிட்டுச் சிரித்தாள். "நேராவே அடிக்கிறேன். நீ தொடுவே, எனக்குத் தெரியும்."

தாழ்ப்பாள் நடுவரின் கையை இன்னொரு தரம் பார்த்துக்கொண்டாள்.

பந்து கிளம்பியது. சுவராக நின்ற தோழிகளின் தலைக்கு மேலே, யார் மீதும் படாமல் வந்ததைப் பார்த்தாள். எட்டிப் பிடிக்கிற தூரம்தான். கை இரண்டும் துடித்தன. சட்டென்று அவற்றை முதுகுக்குப் பின்னால் கோத்துக்கொண்டு நின்றாள். பந்து காதோரமாகப் போய் வலையில் மோதியது.

"ஐயோ, மரம் மாதிரி நிக்கிறாளே!" என்று சொந்தக் கல்லூரிக்காரர்களே தலையில் அடித்துக்கொண்டார்கள். அத்தனை பேர் நடுவில், சலவைக்கூடத்துச் சீருடையோடு ஓடிவந்திருந்த அம்மா மட்டும் ஒரு கையை மேலே தூக்கியபடி நின்றாள்.

கோல் இல்லை என்று நடுவர் சைகை காட்டினார்; மிச்சமிருந்த இரண்டு நிமிடத்தை ஓட்டிவிட்டால் அணி தப்பித்துவிடும். எதிரணித் தலைவி இடுப்பில் கைவைத்துத் தரையைப் பார்த்தாள். தாழ்ப்பாள் திரும்பி வலைக்குள் போனாள். கண் நிறைந்து எதிரில் ஒன்றும் தெரியவில்லை. அந்த சீசனில் அவள் தலைநிமிர்ந்து வலையிலிருந்து எடுத்த பந்து அது ஒன்றுதான்.