மெஹ்விஷ் மொழிபெயர்த்த பேச்சு

வால்டர் ஹேன்சன் அமெரிக்காவில் பேர்போன வக்கீல். குடியிருப்பவர்களைத் துரத்திய வீட்டுச் சொந்தக்காரர்களோடு கோர்ட்டில் மோதிப் பெயரெடுத்து, அந்தப் பெயரிலேயே தன் மாநிலச் சட்டசபைக்கு மூன்று தடவை போனவர். நான்காம் தடவை தோற்றதும் அரசியலை உதறிவிட்டு ஓவியர்களுக்குச் செலவழிக்க ஆரம்பித்தார். ரமணாசிரமம் பார்க்க வந்தவர் ஆசிரமம் இருக்கிற செங்கம் ரோட்டிலேயே தங்கி, ஒரு ஓவியக்கூடமும் கட்டினார்.

திறப்பு விழாவில் அவருடைய இங்கிலீஷ் பேச்சைத் தமிழில் சொல்ல மேடையேறியவள் மெஹ்விஷ். சுவரெல்லாம் அவள் வரைந்த படங்கள்தான். முன்வரிசையில் அவள் அம்மா மெஹ்ருன்னிசா புதுப் புடவையில் உட்கார்ந்திருந்தாள். பள்ளிக்கூடத்தில் டிராயிங் டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள். மகளுக்கு வரையச் சொல்லிக்கொடுத்ததே அவள்தான்.

ஹேன்சன் தன் வழக்குகளைச் சொன்னார், தேர்தல்களைச் சொன்னார். மெஹ்விஷ் தடங்கலில்லாமல் தமிழாக்கினாள். பிறகு அவள் பக்கம் திரும்பி, "இந்தப் பெண்ணை நான் கண்டெடுத்தபோது இவளுக்குப் பிரஷ் பிடிக்கக்கூடத் தெரியாது. சொல்லிக்கொடுக்க ஆளே இல்லை" என்றார்.

மெஹ்விஷ் அம்மாவைப் பார்த்தாள். கூட்டம் காத்திருந்தது. அடுத்த மாதம் அவர் ஊரில் அவளுடைய கண்காட்சி. எல்லாம் அவர் ஏற்பாடு. ஒரு சொல் விடாமல் சொல்லி முடித்தாள். கைதட்டினார்கள். அம்மாவும் தட்டினாள்.

விழா முடிந்ததும் அவரிடம் கேட்டாள்: "சார், எங்கம்மா டிராயிங் டீச்சர்னு உங்களுக்குத் தெரியுமே?"

"தெரியும்" என்றார் ஹேன்சன், கனிவாகவே. "ஜூரி முன்னாலும் நின்றிருக்கிறேன், ஓட்டுப் போடுகிறவர்கள் முன்னாலும் நின்றிருக்கிறேன். டீச்சர் மகள் வரைந்தாள் என்றால் யார் திரும்பிப் பார்ப்பார்கள்? உன் நல்லதுக்குத்தான்."

இருவரும் ஆட்டோவில் வீடு திரும்பினார்கள். வாசலில் இறங்கியதும் மெஹ்விஷே ஆரம்பித்தாள்.

"அவர் எதையும் ஜாஸ்தியாதாம்மா சொல்வாரு. மனசுல வெச்சுக்காதீங்க."

"அவர் யாரோ, விடு. தமிழ்ல சொன்னது யாரு?"

"மேடைல நின்னுக்கிட்டு வேற என்னம்மா பண்றது?"

"சும்மா நின்னிருக்கலாம்" என்று சொல்லிவிட்டு, அம்மா புடவை மாற்ற உள்ளே போனாள்.

அடுத்த மாதம் மகளை வழியனுப்ப அம்மா விமான நிலையத்துக்கு வரவில்லை. முட்டி வலி என்றாள்.

அமெரிக்காவிலும் ஹேன்சன் அதையேதான் சொன்னார். மெஹ்விஷ் பக்கத்தில் நின்று சிரித்தாள். படங்களைப் பார்த்த ஒரு வயதான பெண்மணி அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "வழிகாட்ட ஒருத்தரும் இல்லாமல் ரொம்பத் தவித்திருப்பாய்" என்று கண்கலங்கினாள்.

மெஹ்விஷ் ஆமாம் என்று தலையாட்டினாள்.