ஆம்ப்ரோஸ் ஸ்கட்டின் சமையலறையில் படுத்த பாதை

1951 ஏப்ரலில் ஒரு செவ்வாய்க்கிழமை, ஸ்டோக் மர்ரின் கிராமத்தின் மேட்டு வீடுகளிலிருந்து தேவாலயத்துக்குப் போகும் ஒற்றையடிப் பாதை, ஆம்ப்ரோஸ் ஸ்கட்டின் வயலைவிட்டு எழுந்து அவருடைய சமையலறைக்குள் போய்ப் படுத்துக்கொண்டது. அது ரேஷனில் முட்டை கிடைக்காத வாரம் என்பதால் ஊர் முதலில் முட்டையைப் பற்றித்தான் பேசியது. பாதையைக் குற்றம் சொல்வதற்கில்லை. ஆம்ப்ரோஸ், அடுத்தவர் நிழல் தன் வேலியில் விழுந்தால் அதற்கும் வாடகை கேட்கக்கூடிய ஆள். தன் வயலை யாரும் மிதிக்கக் கூடாதென்று போன இலையுதிர் காலத்தில் அதில் ஒரு காளையை விட்டார். குளிர்காலம் முழுக்க ஒரு காலடியும் படாமல் பனிக்கடியில் கிடந்த பாதை, வெயில் வந்ததும் அவர் வீட்டுப் பின்கதவு திறந்திருக்கக் கண்டு உள்ளே வந்தது. மேசையைச் சுற்றி, அடுப்புக்கும் அலமாரிக்கும் நடுவில் புகுந்து, முன்கதவு வழியாக வெளியே போய்த் தேவாலயப் பக்கம் திரும்பியது. ஓரங்களில் டெய்சிப் பூ இருந்தது. மேசைக்கடியில் இருந்த குட்டை ஜூலை வரை வற்றவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மேட்டு வீட்டுக்காரர்கள் வழக்கம்போல் பாதையில் வந்தார்கள். தொப்பியைத் தூக்கி வணக்கம் சொல்லிவிட்டு, சேற்று பூட்ஸோடு ஆம்ப்ரோஸின் காலை உணவைச் சுற்றிக்கொண்டு போனார்கள். அவர் முள்கரண்டியும் கையுமாக, கசாப்புக்கடைக்காரரும் ஊர் மன்றத் தலைவருமான ஹியூபர்ட் லாமிடம் ஓடினார்.

"என் சமையக்கட்டுல ஜனம் நடக்குதுய்யா!"

"பாதையில நடக்குறாங்க ஆம்ப்ரோஸ். பாதை எங்க இருக்கோ அங்கதானே நடப்பாங்க?"

"அப்ப அதைத் தூக்கி வெளிய போடு."

"காளையை வெளிய கட்டுன்னு தலைப்பாடா அடிச்சுக்கிட்டோமே, நீ கட்டுனியா?"

இருந்தாலும் லாம் நியாயஸ்தர். பாதையைத் திருப்பி அனுப்பும் விஷயத்தை மன்றத்தில் வைத்தார். எங்கள் மன்றம் பள்ளிக்கூடத்தில், குழந்தைகள் உட்காரும் பெஞ்சுகளில், முழங்கால் காதைத் தொடும்படி உட்கார்ந்து கூடும். வர முடியாதவர்கள் எழுதியனுப்பிய வருத்தம் முதலில் வாசிக்கப்படும். அடுத்து, குளத்தங்கரை இருக்கைக்குப் பச்சை அடிப்பதா பழுப்பு அடிப்பதா என்ற விவாதம். அது முடிவதற்குள் மதுக்கடை திறந்துவிடும். ஆகவே பாதை அடுத்த கூட்டத்துக்கு ஒத்திவைக்கப்படும். இருக்கைக்குப் பச்சைதான் என்று முடிவாகவே நான்கு வருடம் ஆனது. அதற்குள் இருக்கை உளுத்துப்போயிருந்தது.

ஆம்ப்ரோஸுக்கு இதைவிடப் பெரிய பயம் ஒன்று இருந்தது. ஒரு சவப்பெட்டியைச் சுமந்துபோன வழி அதன் பிறகு எக்காலத்துக்கும் பொதுவழி என்று எங்கள் பக்கத்தில் நம்பிக்கை. சட்டத்தில் அப்படி இல்லைதான். ஆனால் எங்கள் ஊரில் சட்டத்தைப் படித்தவர் யார்? மேட்டு வீட்டில் ஒரே ஒரு சாவு விழுந்தால் போதும், பெட்டி பாதையோடு வந்து சமையலறையைக் கடக்கும். அப்புறம் எந்த மன்றம் வந்தாலும் பாதையைக் கிளப்ப முடியாது. மேட்டில் சாகும் வயதில் இருந்தவர் தெர்ஸா பீக் ஒருவர்தான். எண்பத்து மூன்று வயது, நெஞ்சில் சளி, துணைக்கு ஒரு பூனை.

அன்றிலிருந்து ஊரின் மகா கஞ்சன், தெர்ஸாவுக்கு பார்லி சூப் சுமக்கத் தொடங்கினார். கூரை ஒழுகினால் ஏறி அடைத்தார், விறகு பிளந்து போட்டார், தன் பாட்டனாரின் கம்பளியைக் கொண்டுபோய்ப் போர்த்தினார். தெர்ஸா இருமினால் ஆம்ப்ரோஸுக்கு வியர்த்தது. காரணம் அந்த அம்மாளுக்கும் தெரியும்.

"ஏண்டா ஆம்ப்ரோஸ், இன்னிக்கு ஒரு மாதிரி மயக்கமா வருதுடா. கொஞ்சம் கேக் சாப்பிட்டா நின்னுரும்னு நினைக்கிறேன்."

"திராட்சை போட்டதா, போடாததா மிஸஸ் பீக்?"

"போட்டது. போடாதது எனக்கு ஆபத்து."

இப்படியே ஒன்பது வருடம் போனது. தெர்ஸா கன்னம் உப்பி, சளி போய், அறுபது வயதுக்காரி போல் ஆனார். ஞாயிறுதோறும் பாதையில் வந்து ஆம்ப்ரோஸின் அடுப்பருகே கால் காயவைத்துக்கொண்டு, அவருடைய டீயில் என்ன குறை என்று சொல்லிவிட்டுப் போவார். அவர் இறங்கும் இடத்தில் மட்டும் வழுக்காமலிருக்க ஆம்ப்ரோஸ் சாம்பல் தூவினார். விழுந்து செத்துவிட்டால் என்ன செய்வது என்றுதான், என்று மற்றவர்களிடம் சொல்லிக்கொண்டார். மற்றவர்களுக்கும் பிஸ்கட் வைக்கத் தொடங்கியதற்கு அவரிடம் காரணம் இல்லை.

1960 அக்டோபரில், எப்படியோ, மன்றம் பாதைக்கு வந்து சேர்ந்தது. லாம் சமையலறைக்கே வந்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு, ஒரு மாதத்துக்குள் வயலுக்குத் திரும்ப வேண்டும் என்ற தீர்மானத்தைப் பாதைக்கு வாசித்துக் காட்டினார். பாதை மரியாதையாகக் கேட்டுக்கொண்டு, மேசைப்பக்கம் நீட்டியிருந்த புல்லைக் கொஞ்சம் சுருக்கிக்கொண்டது. ஜெயித்துவிட்டீர் என்று எல்லோரும் கைகொடுத்தார்கள். ஆம்ப்ரோஸ் அன்று யாருக்கும் பிஸ்கட் வைக்க மறந்துபோனார்.

"வயல்ல காளை இருக்கே மிஸஸ் பீக், எப்படி வருவீங்க?" என்று சாயங்காலம் கேட்டார்.

"வரமாட்டேன். நீதானேடா அப்படிக் கேட்ட?"

அந்த ஒரு மாதம் தெர்ஸாவைக் காப்பாற்றிவிட்டால் போதும். ஆம்ப்ரோஸ் அடைமழையில் மூன்று வேளையும் சூப்போடு மேட்டுக்கு ஏறினார். தெர்ஸாவுக்கு ஒரு தும்மல்கூட வரவில்லை. ஆம்ப்ரோஸுக்கு நிமோனியா வந்து, கெடு முடிவதற்கு முந்தைய வியாழக்கிழமை, மாடியறையில் இறந்துபோனார்.

மன்றத்தினர் அவர் வீட்டுச் சமையலறையில் கூடிப் பேசினார்கள். பெட்டியைச் சமையலறை வழியாகக் கொண்டுபோனால் பாதை நிரந்தரமாகிவிடும், பாவம், மனிதர் ஆயுள் முழுக்கப் பயந்தது அதற்குத்தான். மாடி ஜன்னல் வழியாகக் கயிறு கட்டி இறக்குவதே அவருக்குச் செய்யும் மரியாதை என்றார் லாம். அதை முன்மொழிந்தார்கள், வழிமொழிந்தார்கள், கயிறும் வந்தது. தெர்ஸா அடுப்பருகே உட்கார்ந்து மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தார்.

"மாடியை முதல்ல போய்ப் பாருங்கடா, முட்டாப் பசங்களா."

போய்ப் பார்த்தார்கள். பாதை சமையலறையிலிருந்து கிளைத்து, படியேறி, டெய்சிப் பூக்களோடு ஆம்ப்ரோஸின் கட்டில் வரை போயிருந்தது. அவர் கை கட்டிலிலிருந்து தொங்கி அதன் புல்லைப் பிடித்திருந்தது. லாம் தொப்பியைக் கழற்றிவிட்டு, கயிற்றைச் சுருட்டிக் கடைக்குத் திருப்பி அனுப்பினார். அவரும் இன்னும் ஐந்து பேரும் பெட்டியை இறக்கி, அடுப்புக்கும் அலமாரிக்கும் நடுவில் சாய்த்துத் திருப்பி, முன்கதவு வழியாகத் தேவாலயத்துக்குக் கொண்டுபோனார்கள். தெர்ஸா பின்னாலேயே நடந்தார், வழி முழுக்க வாய்விட்டு அழுதார். "இனி நான் எப்ப வேணா சாகலாம், கேக்க ஆளில்ல" என்றார். மூன்று வருடம் கழித்து, அவசரமில்லாமல், அப்படியே செய்தார்.

இப்போது அந்த வீட்டில் ஒரு பல் டாக்டர் குடும்பம் இருக்கிறது. ஞாயிறன்று இரண்டு கதவையும் திறந்து வைத்துவிடுகிறார்கள். மாடிக்கிளையில் யாரும் போவதில்லை, ஆனாலும் மன்றம் வருடத்துக்கு ஒருமுறை ஆள் அனுப்பிப் புல் வெட்டுகிறது.