இரண்டாவது பதிவு

கட்டளையைக் கொடுத்துவிட்டுத் தூலியா காத்திருந்தாள். மூன்றாவது தடவையும் தரவுத்தளம் முரண்டு பிடித்தது. ஒரே மின்னஞ்சலில் இரண்டிரண்டு பதிவுகள் இருக்கின்றனவாம், ஒரு மின்னஞ்சலுக்கு ஒரே பதிவு என்ற பூட்டைப் போட முடியாதாம்.

தாம்பெரே நகரத்து அலுவலகங்களுக்குத் துப்புரவு ஆட்களை அனுப்பும் கம்பெனி அது. ஆட்கள் இணையத்தில் பெயர் பதிந்து வேலை வாங்க வேண்டும். 'இந்த மின்னஞ்சல் ஏற்கெனவே இருக்கிறதா?' என்று பார்த்துவிட்டுப் பதியும்படிதான் தூலியா நிரல் எழுதியிருந்தாள். பொறுமையற்றவர்கள் பொத்தானை இரண்டு தரம் அழுத்தினார்கள். இரண்டு கேள்வியும் ஒரே மூச்சில் போய், இரண்டுக்கும் 'இல்லை' என்று பதில் வர, ஒரே ஆள் இரண்டு ஆளானார். அட்டவணையிலேயே பூட்டுப் போட்டிருக்க வேண்டும். போடாமல் விட்டது தன் தப்புதான் என்று அவளுக்கு உறுத்தியது.

நாற்பத்தொரு ஜோடிகள். நாற்பதில் பெயரும் ஒன்றே. ஒன்றில் மட்டும் ரைலி நேவாலா, ஹில்கா நேவாலா. பழைய கோப்பிலிருந்து மொத்தமாக ஏற்றப்பட்டவர்கள்.

"சூலோ, இவங்க ரெண்டு ஆளுங்க."

மேலாளர் சூலோ காப்பிக் கோப்பையோடு எட்டிப் பார்த்தான். "ஒரு உறையில ரெண்டு கத்தி எப்படி இருக்கும்? பிந்தி வந்ததை எடுத்துடு. மத்தியானத்துக்குள்ள முடிஞ்சாகணும்."

"கூப்பிட்டுக் கேட்டுட்டு எடுக்கறேனே."

"அப்புறம் கேட்டுக்கலாம்மா."

தூலியா எடுத்தாள். பூட்டு விழுந்தது. மற்ற வேலையில் கூப்பிட மறந்துபோனாள்.

மறுநாள் காலை அலுவலக வாசலில், ஈரப் பனியில், வாளியும் துடைப்பமுமாக ஒரு பெண் நின்றிருந்தாள். கதவில் அட்டையை வைக்க வைக்க சிவப்பு விளக்கே எரிந்தது. இந்த மாடியைத் தினமும் துடைக்கிற அம்மாள்தான். பெயரைத் தூலியா இதுவரை கேட்டதில்லை. அட்டையில் ஹில்கா என்று இருந்தது.

"நான் இல்லவே இல்லைங்குது, பொண்ணே. மறுபடி பதிஞ்சா, இந்த மின்னஞ்சல்ல வேற ஆள் இருக்காங்கன்னுது. வேற ஆள் யாரு, எங்கக்காதான். வீட்டுக்கே ஒண்ணுதான் வச்சிருக்கோம்."

அவள் நீட்டிய போன் திரையில் இருந்தது தூலியா எழுதிய வாசகம். அவளுக்கு முகம் சுட்டது. உள்ளே ஓடிச் சூலோவிடம் கேட்டாள். பழைய பிரதியிலிருந்து ஹில்காவின் பதிவைத் திருப்பி எடுத்து, மின்னஞ்சலை மட்டும் மாற்றிவிட்டால் போதும்.

"எதுக்கு? புது ஆளாவே பதியட்டும். புது ஆளுக்குச் சம்பளமும் கம்மி, கம்பெனிக்கும் அதான் நல்லது."

தூலியா திரும்பி வந்து, ஹில்காவின் போனிலேயே புது மின்னஞ்சல் ஒன்று உண்டாக்கிக் கொடுத்தாள். இந்தத் தடவை படிவம் மறுக்கவில்லை.

"இது மட்டும் தப்பா இருக்கு, திருத்த விடமாட்டேங்குது," என்று ஹில்கா ஒரு கட்டத்தைக் காட்டினாள். பதினோரு வருஷத்து அட்டை அவள் கழுத்தில் தொங்கியது. வேலையில் சேர்ந்த நாள் என்ற இடத்தில் அன்றைய தேதி தானாகவே விழுந்திருந்தது.