வரதய்யபாளையத்து அழுகை

புத்தூர் சுந்தரி என்றால் நகரியிலிருந்து சத்தியவேடு வரை நாடகம் பார்க்கிறவர்களுக்கு என்னைத் தெரியும். முப்பது வருஷம் ராணி வேஷம், அதில் இருபது வருஷம் நாடக மன்றத்துக்கு முதலாளியும் நான்தான். வேஷம் பிரிப்பது, நோட்டீஸ் அடிப்பது, குடித்துவிட்டு வந்த ராஜாவின் முகத்தில் ஒரு பக்கெட் தண்ணீரை ஊற்றி மேடையில் ஏற்றுவது, எல்லாம் என் வேலை. என் வாய்க்குப் பயந்தே பாதிப் பேர் வசனத்தை மனப்பாடம் செய்தார்கள்.

திருப்பதியில் ஆராய்ச்சிப் படிப்பு படிக்கிற தரணி என்ற பெண் என் நாடக வாழ்க்கையைப் புத்தகமாக எழுதியிருக்கிறாள். அச்சுக்குப் போகும் முன் ஒரு தடவை பாருங்கள் என்று போன வாரம் கொண்டுவந்து கொடுத்தாள். ஐந்தாம் அத்தியாயம் முழுக்க வரதய்யபாளையம். அந்தப் பக்கத்தை மூடி வைத்தேன். தரணி விடவில்லை.

"முப்பது பேரைக் கேட்டேம்மா. எல்லாரும் அந்த ஒரு ஆட்டத்தைத்தான் சொல்றாங்க. செத்த பிள்ளையை மடியில போட்டுக்கினு நீங்க அழுதப்ப பந்தலே அழுதுதாம். எப்படிம்மா அப்படி அழுதீங்க?"

"அது தானா வந்துது" என்றேன். கூசாமல் சொன்னேன்.

அந்த ஆட்டம் நடந்த அன்றைக்கு நான் வரதய்யபாளையத்திலேயே இல்லை. டிவி சீரியலுக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று திருப்பதிக்கு ஓடியிருந்தேன். அங்கே என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு அனுப்பிவிட்டார்கள். வரதய்யபாளையத்தில் என் வேஷத்தைக் கட்டியவள் ரூபா. குடுபல்லிப் பெண், எங்களிடம் தோழி வேஷம் போட்டுக்கொண்டிருந்தவள். எங்கள் மன்றத்தில் அது வழக்கம்தான். புத்தூர் சுந்தரி என்று நோட்டீஸ் போட்டால்தான் ஊர்க்காரர்கள் கூப்பிடுவார்கள். எனக்கு முடியாத நாளில் வேறொருத்தி அரிதாரம் பூசி சுந்தரியாக நிற்பாள். அவள் பேரை யாருக்கும் சொல்வதில்லை.

மறுநாள் ஊர்ப் பெரியவர்கள் பட்டுப்புடவையோடு புத்தூருக்கு வந்தார்கள். ரூபா பக்கத்தில் நிற்கும்போதே நான் அதை வாங்கிக்கொண்டேன். அந்த அழுகைக்குப் பிறகுதான் மன்றத்துக்கு ஓயாமல் ஆட்டம் வந்தது. ரூபா ஒன்றே ஒன்று கேட்டாள். "அடுத்த நோட்டீஸ்ல சின்ன எழுத்துலயாவது என் பேரைப் போடுக்கா." நான் என்ன சொன்னேன் தெரியுமா? "ஒரு நாள் அழுதுட்டா நீ சுந்தரி ஆயிடுவியாடி? போய் வேலையைப் பாரு." அந்த வருஷமே அவள் போய்விட்டாள். நான் பயந்தேன், அதுதான் உண்மை. அவள் ஒத்திகையில் அழுததைப் பார்த்தவள் நான். எனக்கு அது ஏழு ஜென்மத்துக்கும் வராது.

தரணி வந்துபோன பிறகு நாலு நாள் சோறு இறங்கவில்லை. ஐந்தாம் நாள் சித்தூர் போய், பஸ் மாறிக் குப்பம் போய், ஆட்டோ பிடித்துக் குடுபல்லியில் இறங்கினேன். ரூபா வீட்டு வாசலில் தக்காளி பிரித்துக்கொண்டிருந்தாள். தலை நரைத்திருந்தது. "வாக்கா" என்றாள், அவ்வளவுதான். அவள் மகன் கிஷோர்தான் பரபரத்து நாற்காலி போட்டான்.

நான் உட்காரவில்லை. "தம்பி, வரதய்யபாளையத்துல அழுதது நான் இல்ல, உங்கம்மா. நான் அந்த ஊருக்கே போகல. அவ பேரை நான் துன்னுட்டேன்."

கிஷோர் சிரித்தான். "ஊர்கோ பெரிம்மா, விடுங்க. அம்மா இதை ரொம்ப வருஷம் சொல்லிக்கினு இருந்தாங்க. பொய்க்காரின்னு தெருவே சிரிச்சுது. இவங்க மானத்தைக் காப்பாத்தணும்னு இவ்ளோ தூரம் வந்தீங்களே, உங்க மனசு யாருக்கு வரும்?" குனிந்து என் காலைத் தொட்டான்.

சத்தியம் செய்தேன். மடையா என்று கத்தினேன். கத்தக் கத்த அவன் முகத்தில் மரியாதைதான் கூடியது. ரூபா தலையே நிமிரவில்லை.

தரணிக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தேன். "அஞ்சாம் அத்தியாயத்தை மாத்து. அது குடுபல்லி ரூபா அழுதது."

மறுமுனையில் தரணி காகிதம் புரட்டும் சத்தம் கேட்டது. "நோட்டீஸ்ல உங்க பேர்தானேம்மா இருக்குது? தானா வந்துதுன்னு போன வாரம் நீங்களே சொன்னீங்க, ரெக்கார்ட் பண்ணி வெச்சிருக்கேன். கூட ஆடினவங்களைத் தூக்கிவிடணும்னு நினைக்கிறீங்க. இந்தப் பெருந்தன்மையையும் எழுதிக்கிறேம்மா."

"அடியே, நான் சொல்றது உண்மைடி" என்றேன். என் குரல் உடைந்தது. கிஷோர் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

ரூபா ஒரு அழுகல் தக்காளியை ஒதுக்கிப் போட்டுவிட்டு முதல் தடவையாக என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"பாத்தியாக்கா," என்றாள். "இதுவும் உன் பேருக்குத்தான் போய் சேந்துது."