நீலச் சொட்டு

குழாய் வேலையில் எனக்கே தண்ணி காட்டிய ஒழுகல் ஒன்றே ஒன்றுதான். அதை நினைத்தால் இப்போதும் மூக்குக்கு மேல் கோபம் வருகிறது.

இரண்டு மாடி வீடு. கீழே ஓய்வுபெற்ற விளையாட்டு டீச்சர், தனியாள். அவர் கூடத்தின் நடுவில் கூரையிலிருந்து சொட்டும். சொட்டு விழுந்ததோ இல்லையோ, கழுத்தில் தொங்கும் விசிலை எடுத்துக் கூரையைப் பார்த்து ஒரு ஊது ஊதுவார். தெருமுனை வரைக்கும் கேட்கும். அடுத்த சொட்டு அதைவிடச் சீக்கிரம் விழும். மறுபடி விசில்.

மேலே புதிதாகக் குடிவந்த தம்பதி. தம்பிக்குக் கம்பெனி ஒன்றில், புகார் சொல்லி ஃபோனில் திட்டுபவர்களுக்குப் பதில் சொல்லும் வேலை. வீட்டிலிருந்தபடியே கூடத்து நாற்காலியில் உட்கார்ந்து திட்டு வாங்குவார். நல்ல பிள்ளை, வாயில் விரல் வைத்தாலும் கடிக்கத் தெரியாது. அவர் மனைவிதான் என்னைக் கையெடுத்துக் கும்பிட்டாள்.

"அண்ணே, சாயங்காலம் வீட்டு ஓனர் வர்றாராம். ஒழுகல் நிக்கலேன்னா காலி பண்ணச் சொல்லிட்டாரு. கல்யாணம் ஆனதுலேர்ந்து எந்த வீட்டுக்குப் போனாலும் கீழ ஒழுகுதுண்ணே. இதுவும் போச்சுன்னா நான் எங்கம்மா வீட்டுக்கே போயிடுவேன். பெட்டி கட்டிப் பழகியே என் இடுப்பு போச்சு."

"யாருகிட்டம்மா சொல்றே? என் கைக்கு அடங்காத தண்ணியே கிடையாது" என்றேன். சும்மா சொல்லவில்லை. அதற்குள் அவர்கள் குளியலறைத் தரையை முழுசாக உடைத்துப் போட்டிருந்தேன். உள்ளே குழாய் புத்தம்புதுசாகச் சிரித்தது. வால்வை அடைத்தேன். அப்படியும் சொட்டியது. எனக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை.

இப்படி ஆனால் எங்கள் ஆட்களுக்கு ஒரு வழி உண்டு. வால்வைத் திறந்துவிட்டு, கேக்குக்குப் போடும் நீலக் கலரை மாடித் தொட்டியில் கரைத்தேன். கீழே நீலமாகச் சொட்டினால் குழாயில் கோளாறு. நிறமில்லாமல் சொட்டினால் வேறெங்கோ. கலர் இறங்கும் வரை அந்தப் பெண் கொடுத்த பால் கலக்காத டீயைக் குடித்தேன். தம்பியும் பயத்தில் நாக்கு வறண்டு, குழாயடிக்குப் போய் டம்ளர் டம்ளராகக் குடித்தார். அதை நான் கவனித்தேனா? இல்லை. கீழே போய்க் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

ரொம்ப நேரம் வெறும் தண்ணீர்தான் சொட்டியது. குளியலறையை அநியாயமாக உடைத்துவிட்டோமே என்று எனக்கே உறுத்தியது. அப்போது விழுந்தது ஒன்று, பளீரென்று நீலமாக. டீச்சரம்மா அடிவயிற்றிலிருந்து விசிலை ஊதினார்.

"மாட்டிச்சுடா!" என்று படியேறி ஓடினேன்.

குழாயெல்லாம் காய்ந்து கிடந்தது. கூடத்து நாற்காலியில் தம்பி. நெற்றியில் நீலம், கழுத்தில் நீலம், இரண்டு முழங்கையிலிருந்தும் நீலம். நாற்காலியைச் சுற்றிக் குளம் கட்டி, தரைக்கல்லின் இடுக்கு வழியாக நிதானமாக இறங்கிக்கொண்டிருந்தது.

"அடப்பாவி! ஒழுகுறது நீங்களா சார்?"

"மன்னிச்சிருங்கண்ணே. விசில் கேட்டா நெஞ்சு படபடங்குது. வேர்த்துடுது. வேர்த்தா ஒழுகுமேன்னு பயம் வருது. பயந்தா இன்னும் வேர்க்குது."

"பயப்படாதீங்கன்னு எத்தனை தடவை சொல்லியிருக்கேன்!" என்று மனைவி அழ, தம்பிக்கு மூக்கு நுனியிலும் கொட்டத் தொடங்கியது. ஃபேனைப் போட்டோம். சுவரெல்லாம் தெறித்தது. துண்டைச் சுற்றினோம். துண்டு நனைந்து ஒழுகியது. அதற்குள் டீச்சரம்மா குடையைப் பிடித்தபடி மேலேறி வந்தார். நிலவரத்தைப் பார்த்தார். மைதானத்துக் குரலில், "பயப்படாதே! நேரா நில்லு! மூச்சை இழு!" என்றார்.

தம்பி எழுந்து நேராக நின்றார். குழாயைத் திறந்துவிட்டது போல் கொட்டியது.

எனக்கு வந்ததே ஒரு கோபம். "எல்லாரும் வாயை மூடுங்க! சார், பயப்படுங்க! நல்லா, வயிறு முட்டப் பயப்படுங்க! யாரு வேணாங்கறது? இந்தாங்க, கீழ வாளி வைக்கிறேன். நிரம்பினா ஊத்தறது என் வேலை. ஒழுகட்டும் போங்க!"

அவர் வாளியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். "ஒழுகலாமா அண்ணே?" என்றார்.

"தாராளமா."

நாலைந்து சொட்டு வாளியில் விழுந்தது. பிறகு ஒன்று. அப்புறம் எவ்வளவு நேரம் காத்திருந்தும் ஒன்றுமில்லை. அந்தப் பெண் புருஷனின் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். காய்ந்திருந்தது. பொசுக்கென்று அழுதுவிட்டாள்.

டீச்சரம்மா குடையை மடக்கினார். "எனக்கும் சொட்டு சத்தம் கேட்டாலே படபடன்னு வரும்ப்பா. கூரையே தலையில விழுந்துடுமோன்னு. அதான் ஊதுவேன்" என்று யாரையும் பார்க்காமல் சொன்னார்.

வாசலில் வண்டி நிற்கும் சத்தம். வீட்டுக்காரர். இந்த ஊரில் அவருக்குள்ள வீடுகள் அத்தனைக்கும் குழாய் வேலை என் கையில்தான். நானும் டீச்சரம்மாவும் கீழே இறங்கினோம். அவர் கூரையை அண்ணாந்து பார்த்தார்.

"நின்னுடுச்சு போல. சரி, எங்க ஓட்டை? என்ன கோளாறு? பாத்ரூமை உடைச்சியாமே, எதுக்கு?"

உண்மையைச் சொன்னால் மேலே பெட்டி கட்ட வேண்டியதுதான். பொய் சொல்லி மாட்டினால் என் பிழைப்பு போச்சு. "குழாய் ஜாயின்ட்தாங்க. சின்ன கசிவு. அடைச்சுட்டேன்" என்றேன். என் நாக்கு என்னுடையது மாதிரியே இல்லை.

என் மூக்கு நுனியில் ஏதோ கூசியது. டப்பென்று தரையில் விழுந்தது. நீலம். பாழாய்ப்போன டீ!

"என்ன சத்தம் அது?" என்று வீட்டுக்காரர் திரும்பினார்.

அவர் குனிவதற்குள் டீச்சரம்மா செருப்புக் காலை எடுத்து அதன்மேல் வைத்துவிட்டார். வைத்த கால் அசையவில்லை. "ஒண்ணும் இல்லையே. ஒழுகலே இல்லைங்கறேன். நான் சொன்னா நம்ப மாட்டீங்களா?" என்றார். வீட்டுக்காரருக்கு அந்தக் குரலை மீறத் தைரியம் வரவில்லை. தலையாட்டிவிட்டுப் போனார்.

வண்டி தெரு திரும்பும் வரை காலை எடுக்காமலே நின்றார். பிறகு கழுத்திலிருந்து விசிலைக் கழற்றி என் கையில் கொடுத்தார்.

"இதை மேல அந்தத் தம்பிகிட்ட குடுத்துடு. பயம் வந்தா அவன் ஊதட்டும். கேட்டதும் நான் வாளி எடுத்துட்டு வர்றேன்."