கடைசிக் குகையைப் பார்த்த ஆள்

1

பின்னோக்குப் பட்டனை அழுத்திய கட்டைவிரல் வெளுத்துப்போயிருந்தது. திரையில் குள்ளன் முதுகுகாட்டி ஓடினான். விழுந்த பாறை எழுந்துபோய்க் கூரையில் ஒட்டிக்கொண்டது. செத்த வௌவால் உயிர்பெற்றுப் பறந்தது. "இன்னும் பின்னால போடா, இன்னும்" என்று தம்பி பல்லைக் கடித்தான். குள்ளன் முதல் குகையின் வாசலுக்கு வந்து நின்றான். அதற்குப் பின்னால் போக இடமில்லை. வெளியே அக்கா படியேறி வரும் செருப்புச் சத்தம் கேட்டது.

நல்ல தொடக்கம்தான். வாரப் பத்திரிகையாக இருந்தால் இங்கே ஒரு படம் போட்டு, கீழே தடித்த எழுத்தில் "வருவது யார்?" என்று கேட்பார்கள். வருவது அக்கா. நான்தான் போன பாராவிலேயே சொல்லிவிட்டேனே.

கதை கிடைத்த இடத்தையும் சொல்லிவிடுகிறேன்: என் வீட்டு ஹால். அக்கா என்பவள் என் மனைவி. தம்பி அவளுடைய தம்பி, எனக்கு மச்சினன். சோபாவில் காலை நீட்டிக் கண்ணை மூடிப் படுத்திருந்த அம்மா என் மாமியார். 'மாமியார்' என்று எழுதினால் அடுத்த வரி வருவதற்குள் நீங்கள் சிரிக்கத் தயாராகிவிடுவீர்கள், அதனால் அம்மா. நான் சாப்பாட்டு மேஜையில், பத்திரிகைக்கு எழுதும் தொடர்கதையின் இந்த வார அத்தியாயத்தோடு உட்கார்ந்திருந்தேன். அதில் ஒரு பெண் போன வாரத்திலிருந்து மொட்டைமாடி விளிம்பைப் பிடித்துத் தொங்கிக்கொண்டிருந்தாள். இன்னும் கொஞ்ச நேரம் தொங்கட்டும்.

2

வேறு தொடக்கங்களும் எழுதிப் பார்த்தேன்.

"எங்கள் பால்யத்தின் உள்ளங்கையில் ஒளிர்ந்த அந்தச் சாம்பல் நிறப் பெட்டி, வெறும் பெட்டியல்ல, அது ஒரு

பெட்டிதான். பேட்டரி தின்னும் பெட்டி. ஒளிரவும் இல்லை.

"மழை விடாமல் பெய்துகொண்டிருந்த அந்த மாலையில்

மழை பெய்யவில்லை. எழுதுகிறவனுக்கு வழி தெரியாமல் போகும்போதெல்லாம் பாவம் வானம் அழவேண்டியிருக்கிறது.

"லிஃப்ட் மெக்கானிக் வந்திருந்த அன்றைக்குப் பார்த்து அந்தக் கட்டடத்தின் லிஃப்ட் ஓடவில்லை." இது உண்மை. தம்பி லிஃப்ட் மெக்கானிக். எங்கள் கட்டட லிஃப்ட் அன்று ஓடவில்லை. அக்கா படியேறியது அதனால்தான். ஆனால் இதைத் தொடர்கதையில் வைத்தால் ஆசிரியர் போன் போட்டு, "என்ன சார், காதுல பூ சுத்தறீங்க" என்பார். அதனால் அடித்துவிட்டேன். நீங்களும் படிக்காத மாதிரி இருங்கள்.

3

இந்த வீடியோகேம் சந்தா சமாசாரத்தைப் பற்றி நாலு வார்த்தை. மாதம் பிறந்தால் பணம் தானாகக் கழிகிறது. பதிலுக்கு, சின்ன வயதில் கையடக்கப் பெட்டியில் ஆடிய ஆட்டங்களையெல்லாம் சுவரளவு டிவியில் ஆடலாம். இரண்டு பக்கமும் பட்டையாகக் கறுப்பு, நடுவே பொட்டுப் பொட்டாக ஒரு குள்ளன். மெனுவில் 'பழைய திரை' என்று ஒன்று இருக்கிறது. அதைத் தொட்டால் படம் பாசி பிடித்த தண்ணீர் மாதிரிப் பச்சையாக மங்கும். அந்தக் காலத்தில் இதே மங்கலைத் திட்டிக்கொண்டு ஜன்னல் ஜன்னலாக வெளிச்சம் தேடி அலைந்தவர்கள் இவர்கள். இன்றைக்கு அதைத் தேடியெடுத்துப் போட்டுக்கொண்டு "ஆஹா" என்கிறார்கள். முக்கியமான கட்டத்தில் பேட்டரி தீர்ந்துபோகும் வசதியைக் கூடுதல் கட்டணத்துக்குக் கொடுத்துப் பாருங்கள், அதற்கும் வரிசையில் நிற்பார்கள்.

எல்லாவற்றிலும் கேவலம் அந்தப் பின்னோக்குப் பட்டன். குள்ளன் பள்ளத்தில் விழுந்தானா? அழுத்து, மேலே வந்துவிடுவான். பாம்பு கடித்ததா? அழுத்து, பாம்பு பல்லை வாங்கிக்கொண்டு புற்றுக்குள் போய்விடும். சாக முடியாத ஆளைப் பார்த்து யாருக்கய்யா நெஞ்சு அடிக்கும்?

(இதைச் சொல்ல உனக்கென்ன யோக்கியதை என்கிறீர்கள். சரி, என் துப்பறிவாளர் பல முறை செத்துப் பிழைத்தவர்தான். ஆனால் ஒவ்வொரு முறையும் அவரைப் பிழைக்கவைக்க நான் ஒரு வாரம் மண்டையை உடைத்துக்கொள்கிறேன். இவர்கள் ஒரு விரலில் முடித்துவிடுகிறார்கள். வயிற்றெரிச்சல் என்றே வைத்துக்கொள்ளுங்கள்.)

4

இந்த ஆட்டத்துக்கு அந்த வீட்டில் 'குகைக் குள்ளன்' என்று பெயர். நிஜப் பெயர் அது இல்லை. அட்டையில் இருந்த ஜப்பானிய எழுத்தைப் படிக்க வீட்டில் ஆள் இல்லாததால் பிள்ளைகள் வைத்த பெயர். மொத்தம் ஏழு குகைகள். ஆடியதைச் சேமிக்க ஒரே ஒரு இடம். யாராவது புதிதாகத் தொடங்கிச் சேமித்தால் முன்னால் ஆடியவரின் ஆட்டம் மொத்தமும் போய்விடும்.

அக்கா ஆறாவது குகை வரை போயிருந்தாள். ஒருநாள் பள்ளிவிட்டு வந்து பெட்டியைப் போட்டால், குள்ளன் முதல் குகை வாசலில் அசடு வழிய நிற்கிறான். அந்த வீட்டில் முதல் குகையையே தாண்டத் தெரியாத ஆள் தம்பி ஒருவன்தான். துப்பறியப் பெரிதாக ஒன்றுமில்லை. "நான் இல்ல, நான் இல்ல" என்று அவன் அழுதான். அம்மா அவன் முதுகில் நாலு வைத்தாள். வழக்கு முடிந்தது.

எங்கே முடிந்தது? அக்கா அதற்கப்புறம் தம்பியிடம் எதையும் ஒப்படைத்ததில்லை. வீட்டுச் சாவி தரமாட்டாள். ஊருக்குப் போனால் தொட்டிச்செடிக்குத் தண்ணீர் ஊற்றப் பக்கத்து வீட்டில்தான் சொல்லிவைப்பாள். எங்கள் கல்யாண ஆல்பத்தைக்கூட அவன் கையில் கொடுக்கமாட்டாள். அவள் புரட்டுவாள், அவன் பார்க்கலாம்.

போன மாதம் அம்மாவுக்கு இடுப்பில் ஆபரேஷன் ஆனது. இனிமேல் தனியாக இருக்கக்கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆஸ்பத்திரியிலிருந்து நேரே எங்கள் வீட்டுக்குக் கூட்டிவந்தோம். தம்பி வந்தான்.

"அக்கா, என் வீடு தரைத்தளம். படி கிடையாது. அம்மா என்கூட இருக்கட்டுமே."

"ஒரு கேமை ஒழுங்கா விட்டுவைக்கத் தெரியாதவன் அம்மாவைப் பாத்துப்பியா?"

"ஐயோ, அதை நான் அழிக்கலன்னு எத்தனை வருஷமா சொல்றேன்!"

"பின்ன குள்ளனே எந்திரிச்சு, போரடிக்குதுன்னு வாசலுக்கு நடந்து போயிட்டானா?"

"சரிக்கா. உன்கிட்டயும் அந்தச் சந்தா இருக்கு, என்கிட்டயும் இருக்கு. மறுபடி முதல்லேருந்து ஆடுவோம். யாரு முந்திக் கடைசிக் குகையை முடிக்கறாங்களோ, அம்மா அவங்ககூட. நான் தோத்தா வாயைத் திறக்கமாட்டேன்."

"பின்னோக்குப் பட்டனைத் தொட்டா தோத்த மாதிரி."

"ஆகட்டும்."

ஒருத்தி கண்ணாடிக் கடையில் ஊராரின் பார்வைக்கு அளவெடுப்பவள். இன்னொருவன் பல மாடி உயரத்தில் இருட்டுக் குழிக்குள் இறங்கி வேலைபார்ப்பவன். இருவருக்கும் காதோரம் நரைத்துவிட்டது. இந்த இரண்டு பிரகஸ்பதிகளும் பெற்ற தாயை ஒரு குள்ளன்மேல் பந்தயம் கட்டினார்கள். அம்மாவை ஒரு வார்த்தை கேட்கவில்லை. அம்மா சோபாவில் புரண்டு படுத்தாள்.

5

அன்றைக்கே எங்கள் டிவியில் தொடங்கிப் பார்த்தார்கள். அப்போது அந்த முதல் காட்சியை அக்கா உறையவைத்தாள். இதைக் கொஞ்சம் விளக்கவேண்டும். பழைய ஆட்டத்தின் ஒற்றைச் சேமிப்பு அப்படியே இருக்கிறது. அதற்கு மேல், டிவியில் மாட்டிய இந்தப் புதிய கருவி எந்த நொடியையும் ஒரு படமாக உறையவைத்துக்கொள்ளும். அந்தப் படத்தைத் தொட்டால் அந்த நொடிக்கே போய்விடலாம். அப்படிப் போகும்போது பழைய சேமிப்பும் அந்த நொடியில் எப்படி இருந்ததோ அப்படி ஆகிவிடும். கையேட்டில் இருக்கும் இந்தக் கடைசி வரியை யாரும் படிப்பதில்லை.

அப்புறம் அவரவர் வீட்டில் அவரவர் ஆடினார்கள். நான் முதலில் சொன்ன காட்சிக்கு முந்தின நாள் அக்கா ஏழாவது குகையின் வாசலுக்கு வந்து சேமித்தாள். மறுநாள் காலையில் கடைக்குக் கிளம்பும்போது செருப்பை இடவலம் மாற்றி மாட்டுகிற அளவுக்குச் சந்தோஷம்.

தம்பிக்கு அன்று லீவு. அம்மாவுக்குத் துணையாக வந்தவன், அக்கா எதுவரை போயிருக்கிறாள் என்று ஒரு பார்வை பார்க்க டிவியைப் போட்டான். மெனுவில் அந்த முதல் நாள் படம் தெரிந்தது. படம்தானே என்று தொட்டான். குள்ளனைக் கொஞ்ச தூரம் ஓட்டியும் பார்த்தான், அப்புறம்தான் அக்காவின் ஏழாவது குகை போய்விட்டது என்று உறைத்தது.

இந்த இடத்தில் எனக்குத் தம்பிமேல் சந்தேகம். வேண்டுமென்றே செய்தானோ? ஒரு மெக்கானிக் தெரியாத பட்டனைத் தொடுவானா? பாத்திரம் ஒட்டவில்லையே என்று அவனையே பிறகு கேட்டேன்.

"மாமா, லிஃப்ட்ல கைவைக்கறதுக்கு முன்னாடி மெயினை ஆஃப் பண்ணி, அதுக்குப் பூட்டுப் போட்டு, சாவியை என் பாக்கெட்ல வெச்சுப்பேன். வேற யாரும் போட்டுடக்கூடாதில்ல? இது வெறும் விளையாட்டுதானேன்னு..."

அந்த விளையாட்டில்தான் அம்மாவைப் பந்தயம் வைத்திருந்தான். நம்பும்படி இருக்கிறதா? எனக்கு இருந்தது. இவ்வளவு முட்டாள்தனத்தை யோசித்துச் செய்ய முடியாது.

(இணையத்தில் நகல் இருக்குமே என்று கேட்கப்போகும் விவரமான வாசகருக்கு: இருந்தது. ஆட்டம் மாறிய உடனே அந்த நகலும் சமர்த்தாகத் தன்னை மாற்றிக்கொண்டுவிட்டது.)

பயத்தில் அவன் பின்னோக்குப் பட்டனைப் பிடித்தான். அதுவோ, படத்தைத் தொட்ட நொடிவரைக்கும் வந்து நின்றுவிட்டது. அதுதான் நீங்கள் முதலில் பார்த்த காட்சி. இனி கதவைத் திறக்கலாம்.

6

"என்னடா பண்றே?"

"ஒண்ணுமில்லக்கா. நீ உக்காரு. தண்ணி குடி."

"நீ தண்ணி குடின்னா ஏதோ பெருசா பண்ணியிருக்கே." அக்கா திரையைப் பார்த்தாள். கைப்பை தோளிலிருந்து நழுவி முழங்கையில் வந்து நின்றது. "எங்கடா என் குள்ளன்?"

"தெரியாம தொட்டுட்டேன்."

"மறுபடியுமா? அம்மா, பாத்தியா? மறுபடியும் அழிச்சுட்டான்! ஏங்க, நீங்க இங்கதானே உக்காந்திருந்தீங்க? உங்க ஹீரோயின் தொங்கறது தெரியுது, இவன் பண்றது தெரியலையா?"

தெரிந்தது. குறுக்கே போகாமல் பார்த்துக்கொண்டிருந்தேன். என் தொழில் அப்படி.

"இந்தத் தடவை நான்தான்க்கா" என்றான் தம்பி. "ஒத்துக்கறேன். நான் தோத்துட்டேன், அம்மாவை நீயே வெச்சுக்கோ. ஆனா அந்தத் தடவை நான் இல்ல. அதை மட்டும் நீ ஒரு தடவை சொல்லிடு."

"கண்ணு முன்னாடி ஒண்ணைப் பண்ணிட்டு, அன்னிக்குப் பண்ணலன்னு நான் சர்டிஃபிகேட் தரணுமா?"

தம்பி பையைத் திறந்து தன்னுடைய கருவியை எடுத்தான். கையில் வைத்தும் ஆடக்கூடிய வகை. அதைப் போட்டு அக்காவிடம் நீட்டினான்.

"நானும் ஏழாவது வாசல்லதான் இருக்கேன். இதை நீ ஆடு. நீ ஜெயிச்சதாவே இருக்கட்டும்."

7

இங்கே முடிவுகளை வரிசையாக எடுத்துவைக்கவேண்டும். வைக்கிறேன்.

அக்கா தம்பியைக் கட்டிக்கொண்டு அழுகிறாள், "ஒரு குள்ளனுக்காகவாடா இத்தனை வருஷம்!" என்கிறாள். இதை எழுதினால் என் பேனாவே என்னைக் காறித் துப்பும்.

அக்கா ஆடி ஜெயிக்கிறாள், ஆனால் ஜெயிப்பதில் என்ன இருக்கிறது என்று ஜன்னல் வழியே தெருவைப் பார்க்கிறாள். இலக்கியப் பத்திரிகைக்கு அனுப்பலாம். தெருவுக்குப் பதிலாக ஒரு காக்கை.

சரியாக அந்த நொடியில் சந்தா காலாவதியாகித் திரை இருண்டுவிடுகிறது. புத்திசாலித்தனமான முடிவு. புத்திசாலிகள் யாராவது எடுத்துக்கொள்ளுங்கள், எனக்கு வேண்டாம்.

8

நடந்தது இது.

அக்கா கருவியை வெடுக்கென்று வாங்கி, செருப்பைக்கூடக் கழற்றாமல் சோபாவின் கைப்பிடியில் உட்கார்ந்து ஏழாவது குகைக்குள் நுழைந்தாள். இருவருமே பார்த்திராத குகை. உள்ளே இரண்டு கதவுகள், ஒரு ஏணி, கீழே கறுப்பாகத் தண்ணீர். மேலிருந்து மண் சரிய ஆரம்பித்தது.

"இடதாடா, வலதாடா?"

"தெரியலக்கா. சீக்கிரம்!"

"இதுதான் வலது மாதிரி..."

"ரெண்டுலயும் போகாதே" என்றாள் அம்மா. கண்ணைத் திறக்கவில்லை. "ரெண்டும் பொய்க்கதவு. ஏணியில ஏறித் தண்ணியில குதி."

யோசிக்க நேரமில்லை. அக்கா ஏறினாள், குதித்தாள். தண்ணீர் குள்ளனைச் சுழற்றி இழுத்துக்கொண்டுபோய் வெளிச்சத்தில் போட்டது. கிணுகிணுவென்று ஒரு சின்ன இசை வந்தது. அந்த வீட்டுப் பிள்ளைகள் அதுவரை கேட்டிராத இசை. அம்மாவின் விரல் சோபாவில் அதற்குத் தாளம் போட்டது.

தம்பிதான் முதலில் வாயைத் திறந்தான். "அம்மா... உனக்கு எப்படித் தெரியும்?"

அக்கா மெல்லத் திரும்பித் தம்பியைப் பார்த்தாள். அவன் கேட்டிருந்த அந்த ஒரு வார்த்தை அவள் தொண்டை வரைக்கும் வந்ததை நான் பார்த்தேன். வெளியே வந்ததா, அம்மா எந்த வீட்டுக்குப் போனாள், அதை அவர்கள் முடிவு செய்தார்களா, அம்மா செய்தாளா என்பதையெல்லாம் நான் எழுதப்போவதில்லை. இத்தனை வருடமாக வாராவாரம் உங்களுக்கு முடித்துக் கொடுத்துக் கை வலிக்கிறது. உங்களுக்கும் அக்காவோ தம்பியோ இருப்பார்கள், அவர்களோடு உட்கார்ந்து முடித்துக்கொள்ளுங்கள்.

நான் மறைத்த ஒன்றை மட்டும் கொடுத்துவிட்டுப் போகிறேன். நாலாவது பகுதியில் அடி விழுந்ததோடு வழக்கு முடிந்தது என்றேன். நீங்களும் தலையாட்டிவிட்டு அடுத்த பாராவுக்குப் போய்விட்டீர்கள். அந்தப் பெட்டி என்ன ஆனது என்று ஒருவர் கேட்கவில்லை. துப்பறியும் கதை படிக்கிறவர்களாம்.

அம்மா அப்போது டெலிபோன் எக்சேஞ்சில் வேலை பார்த்தாள். இரவு ஷிஃப்ட். பிள்ளைகள் பள்ளிக்குப் போனபின் பகல் முழுவதும் வீட்டில் அவள் ஒருத்திதான். தம்பியை அடித்த கையோடு, "இனிமே ரெண்டு பேருக்கும் இது கிடையாது" என்று பெட்டியைப் பிடுங்கி அலமாரியின் உச்சியில் வைத்தாள். பிள்ளைகளுக்கு எட்டாத உயரம்.

அவளுக்கு எட்டும்.